தயாரிப்பாளர் என்ன செய்கிறார்? தாமஸ் இன்ஸும் அவருடைய காகிதக் கட்டும்

தயாரிப்பாளர் என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது பணம். கடன் வாங்கியோ நிலத்தை விற்றோ படத்துக்கு முதல் போடுபவர், படம் ஓடாவிட்டால் கடனோடு நிற்பவர். கோடம்பாக்கத்துப் பேச்சில் அந்தச் சொல்லுக்கு அதுதான் பொருள். அமெரிக்காவில் மௌனப்பட காலத்தில் இது ஒரு தனித் தொழிலாக உருவானபோது பொருள் வேறாக இருந்தது. முதலாளிகள் நியூயார்க்கில் இருந்தார்கள், கேமரா கலிபோர்னியாவில் ஓடியது. நடுவில் ஒருவர் உட்கார்ந்து, கேமரா ஓடத் தொடங்கும் முன்பே படத்தைக் காகிதத்தில் முழுவதுமாக முடித்துவைத்தார். அப்படி உட்கார்ந்தவர்களில் முதன்மையானவர் தாமஸ் எச். இன்ஸ்.

இன்ஸ் செய்த வேலை ஒரு காகிதக் கட்டுக்குள் அடங்கும். அதற்குக் கன்டினியுட்டி ஸ்கிரிப்ட் என்று பெயர். அந்தக் கட்டு ஏன் தேவைப்பட்டது, அதற்குள் என்னென்ன இருந்தன, அது எதைச் சரிசெய்தது, எதைச் சரிசெய்ய முடியவில்லை என்பதைப் புரிந்துகொண்டால் அவருடைய தொழில் வாழ்க்கை புரிந்துவிடும். இன்றைய படப்பிடிப்புகளில் நடக்கும் பாதி வேலைகளின் காரணமும் அதிலேயே இருக்கிறது.

ஓர் அடி, ஒரு நொடி

முதலில் பிலிமின் கணக்கு. அன்றைய கேமராவில் மோட்டார் கிடையாது, கைப்பிடியைச் சுற்ற வேண்டும். ஒரு சுற்றுக்கு 8 பிரேம், அதாவது 8 தனிப்படங்கள், ஓடும். நொடிக்கு 2 சுற்று என்பது பொதுவான வேகம், அதாவது நொடிக்கு 16 பிரேம். 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்குள் 16 பிரேம் அடங்கும். ஆக, அந்த வேகத்தில் ஓர் அடி என்பது ஒரு நொடி. ஒரு ரீலில் ஏறக்குறைய 1000 அடி. 1000 நொடி என்றால் 16 நிமிடம் 40 நொடி. தியேட்டரில் ஆபரேட்டர் கொஞ்சம் வேகமாக ஓட்டினால் இன்னும் சீக்கிரம் முடிந்துவிடும்.

1910 வாக்கில் படம் என்பது ஒரு கதை என்பதைவிட ஒரு ரீல் என்றுதான் வியாபாரத்தில் பேசப்பட்டது. விநியோக நிலையங்கள் வாரத்துக்கு இத்தனை ரீல் என்று நிரந்தர ஆர்டர் கொடுத்திருந்தன. விலையும் படத்தின் தரத்துக்கு அல்ல, நீளத்துக்குத்தான். அடிக்குச் சுமார் 10 சென்ட். ஒரு ரீல் பிரிண்ட் விற்றால் 100 டாலர். உதாரணத்துக்கு 30 பிரிண்ட் போனால் 3000 டாலர், அதிலேயே பிரிண்ட் போடும் செலவும் அடக்கம். படம் எவ்வளவு நன்றாக இருந்தாலும் வருமானத்துக்கு ஓர் உச்சவரம்பு உண்டு. அந்த நிலையில் லாபம் வர இரண்டே வழி: செலவை முன்கூட்டியே தெரிந்துவைத்திருப்பது, தேதி தவறாமல் ரீலை அனுப்புவது.

இரண்டுக்குமே அன்றைய நடைமுறை இடம் கொடுக்கவில்லை. இயக்குநர் ஒரு பக்கக் கதைச்சுருக்கத்தைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு காலையில் கிளம்புவார். போகிற வழியில் இடம் பார்த்து, தோன்றியபடி காட்சி அமைப்பார். மாலையில் எத்தனை அடி மிச்சம் என்று பார்த்துக் கதையை முடித்துவைப்பார். ஒரு ரீல் படத்துக்கு இது ஒருவாறு ஓடியது. இரண்டு ரீல், மூன்று ரீல், நூறு குதிரை என்று வந்தபோது ஓடவில்லை.

நாடகத்திலிருந்து பள்ளத்தாக்குக்கு

இன்ஸ் 1880இல் ரோட் ஐலண்ட் மாநிலத்தின் நியூபோர்ட் நகரில் பிறந்தார். பெற்றோர் மேடை நடிகர்கள். சிறு வயதிலேயே மேடையேறினார், ஆனால் நாடகத்தில் பெரிய பெயர் கிடைக்கவில்லை. 1910இல் வேலை தேடி நியூயார்க் சினிமாக் கம்பெனிகளுக்கு வந்தார். பயோகிராஃப் கம்பெனியில் கொஞ்சம் நடித்துவிட்டு, கார்ல் லெம்லியின் ஐ.எம்.பி. கம்பெனியில் இயக்குநரானார். எடிசன் தலைமையிலான காப்புரிமைக் கூட்டணி, தன் அனுமதி இல்லாமல் கேமரா ஓட்டுபவர்களை வழக்காலும் உளவாட்களாலும் துரத்திக்கொண்டிருந்த காலம் அது. அந்தத் தொல்லைக்கு எட்டாத இடமாக 1911இன் தொடக்கத்தில் லெம்லி ஒரு குழுவைக் கியூபாவுக்கு அனுப்பினார். அதில் நடிகை மேரி பிக்ஃபோர்டும் இருந்தார், இன்ஸும் இருந்தார்.

அதே ஆண்டு இலையுதிர் காலத்தில் நியூயார்க் மோஷன் பிக்சர் கம்பெனியின் முதலாளிகளான ஆடம் கெஸலும் சார்ல்ஸ் பௌமனும் அவரை வாரம் 150 டாலர் சம்பளத்தில் லாஸ் ஏஞ்சல்ஸுக்கு அனுப்பினார்கள். எடெண்டேலில் இருந்த அவர்களுடைய சின்ன ஸ்டுடியோவில் கௌபாய் படங்கள் எடுப்பது வேலை. அங்கே போனவர் உடனே ஒன்றைக் கவனித்தார். ஓக்லஹோமாவின் '101 ராஞ்ச்' என்ற சுற்றுக்காட்சிக் குழு குளிர்காலத்துக்காகப் பக்கத்து வெனிஸ் கடற்கரையில் தங்கியிருந்தது. குதிரைகள், காட்டெருமைகள், கோச்சு வண்டிகள், கௌபாய்கள், சூ இனத்து அமெரிக்கப் பூர்வகுடிகள் என்று அத்தனையும் சும்மா நின்றுகொண்டிருந்தன. வாரம் 2500 டாலருக்கு மொத்தத்தையும் வாடகைக்குப் பேசினார்கள். சாண்டா மோனிகாவுக்கு வடக்கே கடலோரத்தில் சாண்டா யினெஸ் பள்ளத்தாக்கும் அதைச் சுற்றிய மலைகளும் குத்தகைக்கு வந்தன. பிறகு அந்த இடத்துக்கு இன்ஸ்வில் என்றே பெயர் வந்தது.

இந்த 2500 டாலரைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். இன்ஸின் சம்பளத்தைப் போல 16 மடங்குக்கும் மேல். படம் எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் வாராவாரம் போகும் பணம். குதிரைகள் லாயத்தில் நிற்கும் ஒவ்வொரு நாளும் நஷ்டம். காகிதக் கட்டின் தேவை இங்கேதான் பிறந்தது என்பது என் கணிப்பு. இயக்குநர் காலையில் யோசித்துக்கொண்டு நின்றால் நூற்றுக்கணக்கானோர் வெயிலில் சும்மா நிற்பார்கள். யோசிப்பதை நேற்றே முடித்துவைக்க வேண்டும்.

1912இல் வெளியான அவருடைய கௌபாய் படங்கள் கூட்டத்தாலும் நிலப்பரப்பாலும் பேசப்பட்டன. உடனே தேவை கூடியது. ஒரே ஆள் எல்லாவற்றையும் இயக்க முடியாது. இன்ஸ் முதலில் பிரான்சிஸ் ஃபோர்டிடம் இரண்டாவது குழுவை ஒப்படைத்தார். (பின்னாளில் புகழ்பெற்ற ஜான் ஃபோர்டின் அண்ணன் இவர்.) பிறகு ரெஜினால்ட் பார்கர், ரேமண்ட் வெஸ்ட், வால்டர் எட்வர்ட்ஸ், ஸ்காட் சிட்னி என்று வரிசையாக இயக்குநர்கள் வந்தார்கள். 1913 வாக்கில் இன்ஸ் இயக்குவதைப் பெரும்பாலும் நிறுத்திவிட்டார். ஒரே நேரத்தில் பல குழுக்கள் வெவ்வேறு மேடுகளில் படம் எடுத்துக்கொண்டிருக்க, எல்லாப் படங்களும் ஒரு கையால் செய்தவைபோல இருக்க வேண்டும். அந்தக் கை காகிதத்தில் இருந்தது.

கட்டுக்குள் என்னென்ன?

மேல் பக்கம் ஒரு கணக்குத்தாள்: தயாரிப்பு எண், கதையை எழுதியவர், இயக்குநர், தொடங்கிய தேதி, முடிந்த தேதி, ரீலை நியூயார்க்குக்கு அனுப்பிய தேதி, மொத்தச் செலவு. அடுத்து இடப்பட்டியல். எந்தெந்த இடத்தில் எந்தெந்த எண்ணுள்ள காட்சிகள் என்பது அதில் இருக்கும். பிறகு நடிகர் பட்டியல், ஒரு பக்கக் கதைச்சுருக்கம்.

அதற்குப் பிறகு வருவதுதான் முக்கியம். படம் முழுவதும் காட்சி காட்சியாக, ஒவ்வொன்றுக்கும் ஓர் எண்ணோடு எழுதப்பட்டிருக்கும். உள்ளே நடக்கிறதா வெளியே நடக்கிறதா, கேமரா கிட்டத்திலா தூரத்திலா, யார் எந்தப் பக்கமிருந்து வருகிறார், முகத்தில் என்ன தெரிய வேண்டும் என்பது வரை விவரம். கடிதம், தந்தி போன்றவற்றைத் திரை நிறையக் காட்ட வேண்டுமானால் அதற்குத் தனி எண். டைட்டில் கார்டின் (காட்சிகளுக்கு நடுவே வசனத்தையும் விளக்கத்தையும் எழுதிக் காட்டும் அட்டை) வாசகம் அது வரவேண்டிய இடத்திலேயே எழுதப்பட்டிருக்கும். 8 நொடி நிற்க வேண்டிய கார்டு 8 அடியைத் தின்றுவிடும் என்பதால் வாசகத்தைச் சுருக்கி எழுதுவதும் இந்தக் கட்டத்திலேயே நடந்தாக வேண்டும்.

நிறமும் ஸ்கிரிப்டில் வரும். மௌனப்படங்கள் எல்லாமே வெறும் கறுப்பு-வெள்ளை என்று நினைப்பது தவறு. இரவுக் காட்சியைப் பகல் வெயிலில் எடுத்து, பிரிண்டை நீலச் சாயத்தில் முக்கினார்கள். விளக்கெரியும் அறைக்கு மஞ்சள் கலந்த அம்பர், தீக்குச் சிவப்பு. இதற்காக ஒரே நிறக் காட்சிகளை ஒன்றாகப் பிரிண்ட் போட்டு, சாயமேற்றி, பிறகு ஒவ்வொரு பிரதியையும் கதை வரிசைப்படி வெட்டி ஒட்டினார்கள். காட்சி எண் இல்லாவிட்டால் லேபில் ஒட்டுபவருக்கு எது முன், எது பின் என்று தெரிய வழியில்லை. ஸ்கிரிப்டில் 'நீலம்' என்று எழுத விட்டுப்போனால் நள்ளிரவில் பதுங்கி வரும் திருடன் பட்டப்பகலில் வருவான். பார்ப்பவருக்குக் கதையே விளங்காது.

கட்டின் கடைசியில் செலவுக் கணக்கு: நிரந்தர நடிகர்களின் சம்பளம், துணை நடிகர்களின் கூலி, செட்டுக்கான மரம், துணிமணி, குதிரை, செலவான நெகட்டிவ் எத்தனை அடி என்று ஒவ்வொரு தலைப்பின் கீழும் தொகை. இந்தக் கட்டு நியூயார்க்குக்குப் போகும். நாடு முழுக்க ரயிலில் கடந்தால் வந்துசேரும் தூரத்தில் இருந்த முதலாளிகளுக்குத் தங்கள் பணம் எங்கே போனது என்று தெரிந்தது இந்தத் தாள்கள் வழியாகத்தான். ஸ்டுடியோவின் நிர்வாகத்தைத் துறை துறையாகப் பிரித்து ஒழுங்குபடுத்தியதில் கணக்குப் பொறுப்பாளர் ஜார்ஜ் ஸ்டவுட்டுக்குப் பெரிய பங்கு உண்டு. எழுத்துப் பக்கம் 1914இல் வந்த சி. கார்ட்னர் சல்லிவன் தூணாக இருந்தார்.

இந்த முறையை இன்ஸ் ஒருவரே கண்டுபிடித்தார் என்று சொல்வது சரியல்ல. மற்ற கம்பெனிகளும் அதே ஆண்டுகளில் இதை நோக்கி நகர்ந்துகொண்டிருந்தன. ஆனால் விதிவிலக்கே இல்லாமல், எல்லா இயக்குநருக்கும், எல்லாப் படத்துக்கும் இதைப் பழக்கமாக்கியவர் அவர். தன்னைக் கேட்காமல் ஒரு காட்சியைக் கூட்டவோ குறைக்கவோ டைட்டிலை மாற்றவோ வேண்டாம் என்ற வேண்டுகோள் அவருடைய ஸ்கிரிப்ட்களில் முத்திரையாகவே குத்தப்பட்டிருந்தது.

ஒரு சின்னக் கணக்கு

காகிதம் எப்படிப் பணத்தை மிச்சப்படுத்துகிறது? 12 காட்சிகள் கொண்ட ஒரு கற்பனைக் கதையை எடுத்துக்கொள்வோம். நான்கு இடங்கள்: தந்தி அலுவலகம், கோட்டை வாசல், மரவீடு, ஆறு. கதை வரிசை இது: 1 தந்தி, 2 கோட்டை, 3 வீடு, 4 ஆறு, 5 வீடு, 6 தந்தி, 7 ஆறு, 8 கோட்டை, 9 வீடு, 10 ஆறு, 11 வீடு, 12 கோட்டை.

கதை வரிசைப்படியே எடுத்தால் 11 தடவை இடம் மாற வேண்டும். கேமரா, ஆட்கள், குதிரைகள், சாப்பாட்டு வண்டி எல்லாம் மலைப்பாதையில் நகர ஒரு தடவைக்கு 2 மணி நேரம் என்று வைத்துக்கொண்டால், நகர்வதற்கு மட்டும் 22 மணி நேரம். படம் பிடிக்க ஏற்ற வெயில் ஒரு நாளைக்கு 6 மணி நேரம் என்றால், கிட்டத்தட்ட 4 நாள் வெயில் வண்டியிலேயே போய்விடும்.

இப்போது இடவாரியாகப் பிரிப்போம். தந்தி அலுவலகத்தில் 1, 6. கோட்டையில் 2, 8, 12. வீட்டில் 3, 5, 9, 11. ஆற்றில் 4, 7, 10. இடமாற்றம் மூன்றே தடவை, 6 மணி நேரம். இன்னொரு லாபமும் உண்டு. 40 குதிரைவீரர்கள் 7, 8, 10 ஆகிய காட்சிகளில் மட்டும் வருகிறார்கள் என்றால், ஆற்றையும் கோட்டையையும் அடுத்தடுத்த நாளில் வைத்து அவர்களை 2 நாளுக்கு மட்டும் கூப்பிட்டால் போதும். மற்ற நாள்களில் அவர்கள் இன்னொரு இயக்குநரின் படத்தில் வேலை செய்வார்கள். இன்று அசோசியேட் டைரக்டரும் புரொடக்‌ஷன் மேனேஜரும் உட்கார்ந்து காட்சிகளைப் பிரித்துக் கால்ஷீட் போடும்போது செய்வது இதே கணக்குத்தான்.

எங்கே சறுக்கும்?

வரிசை மாற்றி எடுப்பதில் ஆபத்து இருக்கிறது. மேலே சொன்ன கதையில் 3ஆம் காட்சியில் நாயகன் வீட்டிலிருந்து கிளம்புகிறான். 4இல் ஆற்றைக் கடக்கிறான். 5இல் மறுபடி வீட்டுக்குள் வருகிறான். வீட்டுக் காட்சிகள் நான்கும் திங்கட்கிழமை எடுக்கப்படுகின்றன, ஆறு புதன்கிழமைதான். ஆகவே இன்னும் இறங்காத ஆற்றின் ஈரம் திங்கட்கிழமையே அவன் சட்டையில் இருக்க வேண்டும். 3ஐ எடுத்து முடித்துவிட்டு, ஒரு வாளித் தண்ணீரை அவன்மேல் ஊற்றி, 5ஐ எடுக்க வேண்டும். 7இல் ஆற்றங்கரையில் இடது கையில் குண்டு படும் என்றால் 9இல் இடது கையில் கட்டு இருக்க வேண்டும். புதன்கிழமை இயக்குநர் வலது கையைப் பிடித்துக்கொண்டு விழச் சொன்னால் போச்சு. செட்டைப் பிரித்திருப்பார்கள், வீட்டைத் திரும்ப எழுப்ப முடியாது. ஸ்கிரிப்டில் 'இடது கை' என்ற ஒரு சொல் அந்தச் செலவைத் தடுக்கிறது.

திசையும் அப்படித்தான். தூதன் கோட்டைக்குப் போகும்போது திரையின் இடமிருந்து வலமாகப் போனால் எல்லா இடத்திலும் அப்படியே போக வேண்டும். ஒரு காட்சியில் மட்டும் வலமிருந்து இடமாகப் போனால், பயந்து திரும்பி வருகிறான் என்று பார்ப்பவர் நினைப்பார். ஆற்றங்கரையில் வெயில் கேமராவின் பக்கம் அடித்தால் ஆளை எதிர்க்கரையிலிருந்து எடுக்கத்தான் இயக்குநருக்குத் தோன்றும், அப்போது திசை மாறிவிடும். அந்த இடத்தில் எந்த நேரத்துக்கு எந்தப் பக்கம் வெயில் என்று முன்னமே பார்த்துவைத்திருக்க வேண்டும்.

உள் அரங்குக் காட்சிகளுக்கு வேறு தொல்லைகள். அன்று அறை என்பது திறந்தவெளி மேடைமேல் நிறுத்திய இரண்டு மூன்று தட்டிச் சுவர்கள். கூரைக்குப் பதில் வெயிலைத் தணிக்க மஸ்லின் துணி. கடல்காற்று அடித்தால், திரையில் நான்கு பக்கமும் அடைத்ததாகத் தெரியும் வீட்டுக்குள் மேசைவிரிப்பு படபடக்கும். பிலிமுக்கும் ஒரு குணம் உண்டு. அன்றைய ஆர்த்தோகுரோமேட்டிக் பிலிம் நீலத்தை மிகையாக வாங்கும், சிவப்பை வாங்காது. நீல வானம் வெறும் வெள்ளையாகிவிடும், சிவப்பு கறுப்பாகிவிடும். உடையின் நிறத்தைக் கண்ணுக்குப் பிடித்தபடி அல்ல, பிலிமுக்குப் பிடித்தபடி தேர்ந்தெடுக்க வேண்டும்.

காகிதத்தால் ஆகாதது ஒன்றும் இருந்தது. இயக்குநர் அந்த இடத்தில் நிற்கும்போது தோன்றும் நல்ல யோசனையைக் காகிதம் தடுக்கவும் கூடும். திறமையான இயக்குநர்களுக்கு இது உறுத்தியது. இன்ஸ் அந்த இழப்பைப் படத்தொகுப்பில் ஈடுகட்ட முயன்றார். வந்த பிலிம் முழுவதையும் அவர் பார்த்தார், தொகுப்பில் கடைசிச் சொல் அவருடையதாக இருந்தது. எங்கே கதை தளர்கிறது என்று கண்டுபிடித்து வெட்டுவதில் அவருக்கு இருந்த கூர்மையைப் பலரும் குறிப்பிட்டிருக்கிறார்கள்.

பெயர் யாருக்கு?

இங்கேதான் நேர்மையாகப் பேசியாக வேண்டும். எழுதும்போதும் தொகுக்கும்போதும் பொறுப்பு தன்னிடம் என்பதால், படம் தன்னுடையது என்றே இன்ஸ் கருதினார். விளம்பரங்களில் அவர் பெயர்தான் பெரிதாக வந்தது. 'மேற்பார்வை: தாமஸ் எச். இன்ஸ்' என்ற டைட்டில் கார்டுக்குக் கீழே இயக்குநரின் பெயர் மங்கிப்போயிற்று. பிரான்சிஸ் ஃபோர்ட் இயக்கிய படங்களுக்கான பாராட்டும் இன்ஸையே சேர்ந்தது. ஃபோர்ட் 1913இல் யுனிவர்சல் கம்பெனிக்குப் போய்விட்டார். நாடகத்திலிருந்து 1914இல் வந்து கௌபாய் படங்களின் முகத்தையே மாற்றிய வில்லியம் எஸ். ஹார்ட்டுக்கும் இன்ஸுக்கும் இடையே பின்னாளில் பணத்தை முன்னிட்டுக் கசப்பு முற்றியது. பிரான்சில் லூயி டெல்யுக் போன்ற விமர்சகர்கள் இன்ஸை மாபெரும் இயக்குநராகக் கொண்டாடினார்கள். அவர்கள் ரசித்த படங்களில் பலவற்றைக் கேமரா பக்கத்தில் நின்று எடுத்தவர்கள் பார்கரும் ஹார்ட்டும்.

ஆனால் இன்ஸ் வெறுமனே பெயரைப் பறித்தார் என்று முடிப்பதும் நியாயமாகாது. அந்தப் படங்களின் கதைக்கட்டு, வேகம், இறுதி வடிவம் ஆகியவற்றில் அவருடைய கை உண்மையாகவே இருந்தது. பிழை என்னவென்றால், ஒரு படத்தில் பலருடைய பங்கையும் தனித்தனியாகச் சொல்லும் வழக்கத்துக்கு அவர் இடம் கொடுக்கவில்லை. இன்ஸ்வில்லில் கூடாரமடித்துத் தங்கி, படத்துக்குப் படம் குதிரையிலிருந்து விழுந்த சூ இனத்தவரின் பெயர்கள் இன்னும் குறைவாகவே பதிவாகியிருக்கின்றன. வில்லியம் ஈகிள்ஷர்ட் போன்ற சிலரை மட்டும் இன்று பெயர் சொல்லிக் குறிப்பிட முடிகிறது.

எடுப்பது ஒன்று, ஓட்டுவது வேறு

1915இல் ஹாரி எய்ட்கன் என்பவர் இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித், நகைச்சுவைப் படங்கள் எடுத்த மாக் சென்னட், இன்ஸ் மூவரையும் சேர்த்து ட்ரையாங்கிள் கம்பெனியைத் தொடங்கினார். கல்வர் சிட்டியில் வாஷிங்டன் புலவார்டில் இன்ஸுக்குப் புதிய ஸ்டுடியோ எழுந்தது. (அதே இடம் பின்னால் கோல்ட்வின் கம்பெனிக்குப் போய், 1924இல் எம்.ஜி.எம். ஆனது, இன்று சோனி ஸ்டுடியோ.) மேடை நட்சத்திரங்களைப் பெரிய சம்பளத்தில் கூட்டிவந்தார்கள், டிக்கெட் 2 டாலர் வரை வைத்தார்கள். அந்த நட்சத்திரங்கள் பலரைச் சினிமா ரசிகர்கள் ஏற்கவில்லை. சம்பளச் செலவும் விநியோகச் செலவும் கம்பெனியை அமுக்கின. ஸ்கிரிப்ட் எவ்வளவு கச்சிதமாக இருந்தாலும், ஓர் ஒப்பந்தத்தில் ஒத்துக்கொண்ட சம்பளத்தை அது குறைக்காது.

அதற்கிடையில் 1916இல் போருக்கு எதிரான 'சிவிலைசேஷன்' வந்தது. கடலுக்கடியில் நீர்மூழ்கி, போர்க்களத்தில் கிறிஸ்து என்று பெரிய கற்பனை. பத்து லட்சம் டாலர் செலவு என்று விளம்பரம் செய்தார்கள். உண்மைச் செலவு அதில் பத்தில் ஒரு பங்குதான் என்பது பொதுவான மதிப்பீடு. நல்ல வசூல். 1917 ஏப்ரலில் அமெரிக்கா போரில் இறங்கியதும் அந்தப் படத்தின் செய்திக்கு இடமில்லாமல் போயிற்று.

1917இல் இன்ஸ் ட்ரையாங்கிளை விட்டு விலகிப் பாரமவுன்ட் வழியாகப் படங்களை வெளியிட்டார். 1918இல் அதே வாஷிங்டன் புலவார்டில் 14 ஏக்கரில் தன் சொந்த ஸ்டுடியோவைக் கட்டினார். முகப்பு ஜார்ஜ் வாஷிங்டனின் மவுன்ட் வெர்னன் மாளிகையைப் போல வெள்ளைத் தூண்களோடு நின்றது. 1919இல் சென்னட், இயக்குநர்கள் மாரிஸ் டூர்னர், ஆலன் டுவான் முதலியோரோடு சேர்ந்து அசோசியேட்டட் புரொடியூசர்ஸ் என்ற கூட்டமைப்பைத் தொடங்கினார். தனித்து நிற்க வேண்டும் என்பது நோக்கம். இரண்டே ஆண்டில் அது ஃபர்ஸ்ட் நேஷனல் கம்பெனியோடு இணைய வேண்டியதாயிற்று. தியேட்டர்களைக் கையில் வைத்திருந்த கம்பெனிகள்தான் இப்போது விலையைச் சொல்லின. 1923இல் யூஜின் ஓநீலின் நாடகத்தை வைத்து எடுத்த 'ஆனா கிறிஸ்டி' நல்ல பெயர் வாங்கியது. என்றாலும் 1912இல் பள்ளத்தாக்கில் இருந்த சுதந்திரம் அவருக்குத் திரும்பவில்லை.

1924 நவம்பரில், பத்திரிகை அதிபர் வில்லியம் ராண்டால்ஃப் ஹர்ஸ்ட்டோடு ஒரு தயாரிப்பு ஒப்பந்தம் பேச்சில் இருந்தபோது, ஹர்ஸ்ட்டின் படகில் விருந்தினராகச் சென்ற இன்ஸுக்கு உடல்நிலை மோசமானது. கரையிறக்கி வீட்டுக்குக் கொண்டுவந்தார்கள். நவம்பர் 19 அன்று இறந்தார், வயது 44. இதயக் கோளாறு என்று பதிவானது. சுடப்பட்டார் என்ற வதந்தி அன்றே கிளம்பி இன்றும் உலவுகிறது, அதற்குச் சான்று எதுவும் வெளிவரவில்லை. இணையத்தில் இன்ஸ் என்று தேடினால் முதலில் வந்து விழுவது இந்த வதந்திதான் என்பது வருத்தமான விஷயம்.

வெள்ளைத் தூண் மாளிகை இன்னும் நிற்கிறது. இயக்குநர் செசில் பி. டிமில்லிடம் போய், பிறகு தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக்கிடம் வந்தது. செல்ஸ்னிக் படங்களின் தொடக்கத்தில் காட்டப்படும் கட்டடம் அதுதான். 'கான் வித் தி விண்ட்' படத்தில் அட்லாண்டா நகரம் எரியும் காட்சி எடுக்கப்பட்டது அந்த ஸ்டுடியோவின் திறந்தவெளிப் படப்பிடிப்பு நிலத்தில்.

இந்த முறையின் விளைவைக் கண்ணால் பார்க்க விரும்புபவர்கள் 1915இல் வந்த 'தி இட்டாலியன்' படத்திலிருந்து தொடங்கலாம். இத்தாலியின் வெனிஸில் நடப்பதாக வரும் காட்சிகள் கலிபோர்னியாவின் வெனிஸ் கால்வாய்களில் எடுக்கப்பட்டவை. அதைவிடக் கவனிக்க வேண்டியது முதல் காட்சி. திரைச்சீலை விலகுகிறது. நடிகர் ஜார்ஜ் பீபன் தன் சொந்த உருவத்தில், நல்ல உடையில், ஓர் அறையில் இருக்கிறார். ஒரு புத்தகத்தை எடுத்துப் பிரிக்கிறார். புத்தகத்தின் பெயர் 'தி இட்டாலியன்', எழுதியவர்கள் தாமஸ் எச். இன்ஸ், சி. கார்ட்னர் சல்லிவன். படத்தை இயக்கியவர் ரெஜினால்ட் பார்கர்.